அமாவாசைக்கும் பௌர்ணமிக்கும் ஒரே பெயர்

பழவேற்காட்டில் ஏரி கடலோடு சேரும் முகத்துவாரத்துக்குப் பக்கத்தில், மாசிப் பௌர்ணமிக்கு மறுநாள் சாயங்காலம் நின்றுகொண்டிருந்தேன். பெரியவர் ஒருவர் தன் ஃபைபர் படகை இன்னும் மேலே இழுத்துக் கட்டச் சொல்லிப் பையன்களை விரட்டிக்கொண்டிருந்தார். படகு ஏற்கெனவே காய்ந்த மணலில்தான் கிடந்தது. ஈரக்கோடு அதற்கு நாலு முழம் கீழே.

“பௌர்ணமி நேத்தே முடிஞ்சிடுச்சே ஐயா?” என்றேன்.

“ஆகாசத்துல முடிஞ்சிடுச்சு. கடலுக்கு இன்னிக்கும் நாளைக்கும்தான் தம்பி. ஏத்தம் அதோ, அங்க வரைக்கும் வரும்” என்று படகுக்கு மேலே மணலில் படர்ந்திருந்த அடப்பங்கொடியைக் காட்டினார்.

“அமாவாசைக்கு?”

“அதுக்கும் இதே கதைதான். ரெண்டும் ஒண்ணுதானே.”

அந்தக் கடைசி வாக்கியம்தான் என்னை விடாமல் பிடித்துக்கொண்டது. ஒன்றில் வானம் கருகும் இருட்டு, மற்றதில் பால் நிலா. இரண்டும் எப்படி ஒன்றாகும்? அமாவாசையன்று சூரியனும் நிலாவும் பூமிக்கு ஒரே பக்கத்தில் இருக்கின்றன. இரண்டும் சேர்ந்து இழுக்கின்றன, கடல் பொங்குகிறது, சரி. பௌர்ணமியன்று சூரியன் ஒரு பக்கம், நிலா நேர் எதிர்ப்பக்கம். இந்தக் கோடியில் ஓர் அணி, அந்தக் கோடியில் ஓர் அணி என்று கயிறிழுக்கும் போட்டி மாதிரி. ஒன்றின் இழுப்பை மற்றது அடித்துவிட வேண்டாமா? அன்றைக்குக் கடல் சும்மா கிடக்க வேண்டாமா? ஆனால் கரையில் இருப்பவர்கள் எல்லோருக்கும் தெரியும், இரண்டு நாளும் கடல் ஒரே மாதிரிதான் ஏறுகிறது.

இந்த இரண்டு நாளையும் ஒரே சொல்லில் கட்டிப்போட ஆங்கிலத்தில் ஒரு சொல் இருக்கிறது. வானியல்காரர்களை விட்டால் அதைத் தெரிந்து வைத்திருப்பவர்கள் குறுக்கெழுத்துப் பைத்தியங்கள்தான். சிஸிஜி. எழுத்துக்கூட்டினால் எஸ், ஒய், இசட், ஒய், ஜி, ஒய். ஆறு எழுத்தில் மூன்று ஒய். பள்ளிக்கூடத்தில் ஏ, இ, ஐ, ஓ, யூ என்று மனப்பாடம் செய்தோமே, அந்த ஐந்தில் ஒன்றுகூட இதில் இல்லை. ஸ்கிராபிள் பெட்டியில் ஒய் வில்லை இரண்டுதான் இருக்கும். மூன்றாவதற்கு வெற்று வில்லை கையில் சிக்கினால்தான் இந்தச் சொல்லைப் பலகையில் வைக்கவே முடியும். லூயிஸ் கரோல் தான் கண்டுபிடித்த ஒரு சொல் விளையாட்டுக்கு இதையே பெயராக வைத்தார். பார்த்தால் தட்டச்சுப் பிழை போல் இருக்கும் ஒரு சொல்மேல் அவருக்கு ஆசை வந்ததில் ஆச்சரியமில்லை.

சொல் கிரேக்கத்திலிருந்து லத்தீன் வழியாக 17ஆம் நூற்றாண்டில் ஆங்கிலத்துக்கு வந்தது. ‘சின்’ என்றால் கூட, சேர்ந்து. ‘ஸுகோன்’ என்றால் நுகத்தடி. ஒரே நுகத்தில் பூட்டிய இரண்டு மாடுகள், அவ்வளவுதான் மூலப்பொருள். அந்த ‘ஸுகோன்’ நமக்கு அந்நியமும் இல்லை. சமஸ்கிருதத்தில் ‘யுகம்’ என்பதற்கு முதற்பொருள் நுகம்தான். ‘யோகம்’ அதே வேரில் கிளைத்த பிணைப்பு. மாட்டின் கழுத்தில் ஏறும் ஆங்கில ‘யோக்’, கருவுற்ற முட்டைக்கு உயிரியல் பாடத்தில் வரும் ‘ஸைகோட்’ எல்லாம் ஒரே குடும்பம்.

வானியலில் இதன் பொருள்: மூன்று விண்பொருள்கள் ஏறத்தாழ ஒரே கோட்டில் நிற்கும் நிலை. சூரியன், நிலா, பூமி என்ற வரிசையில் நின்றால் அமாவாசை. சூரியன், பூமி, நிலா என்று நின்றால் பௌர்ணமி. நடுவில் யார் நிற்கிறார் என்பதை இந்தச் சொல் கேட்பதில்லை. எந்த மாடு இடத்தில், எந்த மாடு வலத்தில் என்று நுகத்தடிக்கு என்ன கவலை?

‘அமாவாசை’ என்ற சொல் இந்தச் சேர்க்கையில் பாதியைத்தான் சொல்கிறது. ‘அமா’ என்றால் கூட, ‘வாசம்’ குடியிருப்பு. சூரியனும் நிலாவும் ஒரே வீட்டில் தங்கும் நாள். எதிரெதிர் வீட்டில் தங்கும் நாளுக்கு வேறு பெயர் வேண்டும். இரண்டுக்கும் பொதுவாக ஒரு சொல் தமிழில் உண்டா?

உண்டு. நாம்தான் மறந்துவிட்டோம். ‘உவா’. அகராதியைப் புரட்டினால் அமாவாசை என்றும் இருக்கும், பௌர்ணமி என்றும் இருக்கும். எது என்று பிரித்துச் சொல்ல வேண்டிய இடத்தில் இருட்டு நாளைக் காருவா என்றும் நிலா நாளை வெள்ளுவா என்றும் சொன்னார்கள். புறநானூற்றின் 65ஆம் பாட்டில் கழாத்தலையார், போரில் முதுகில் புண்பட்டு வடக்கிருந்த சேரமான் பெருஞ்சேரலாதனைப் பாடும்போது, உவா நாள் அந்தியில் ஞாயிறும் திங்களும் எதிரெதிரே நிற்கும் காட்சியைக் கொண்டுவருகிறார். ஒரு வானியல் ஆசிரியர் கரும்பலகையில் வரையும் படம்தான் அது: இந்த ஓரத்தில் சூரியன், அந்த ஓரத்தில் நிலா, நடுவில் பூமி, பூமிமேல் நிற்கும் நாம்.

ஆக, கிரேக்கர்களும் தமிழர்களும் இருட்டையும் நிலாவையும் ஒரே பெயருக்குள் வைத்திருக்கிறார்கள். கண்ணுக்கு நேரெதிராகத் தெரியும் இரண்டை ஒன்றாக்கும் அந்தப் பெயர் சரியா என்பதுதான் கேள்வி. சரிதான். ஏன் என்று பார்க்க ஒரு மிட்டாய்க்கடை வரைக்கும் போய்வரலாம்.

தெருக்கோடியில் கடை. பேரன், அப்பா, தாத்தா மூவரும் ஒருவர்பின் ஒருவராக, இரண்டிரண்டு அடி இடைவெளியில் அதைப் பார்த்துக் கிளம்புகிறார்கள். கடைக்கு நெருக்கமாக இருப்பவன் பேரன். வாசனை அவனுக்குத்தான் தூக்கல், ஓடுகிறான். அப்பா நடக்கிறார். தாத்தாவுக்கு அவ்வளவு அவசரமில்லை. ஒரு நிமிடம் கழித்து அப்பா முன்னே பார்க்கிறார். பையன் தள்ளிப் போய்விட்டான். பின்னே திரும்பிப் பார்க்கிறார், தாத்தா பின்தங்கிவிட்டார். மூன்று பேரும் கடைப்பக்கம்தான் போகிறார்கள், ஒருவர்கூடத் திரும்பி நடக்கவில்லை. ஆனாலும் அப்பாவுக்கு இரண்டு பக்கமும் இடைவெளி கூடியிருக்கிறது.

கடைதான் நிலா. பேரன், நிலாவைப் பார்த்திருக்கும் பக்கத்துக் கடல். அப்பா, பூமியின் கெட்டியான உடல். தாத்தா, மறுபக்கத்துக் கடல். ஈர்ப்பு தூரம் கூடக்கூடக் குறையும் என்பதால் மூன்றுக்கும் கிடைக்கும் இழுப்பு வேறு வேறு. அதனால் நிலா பூமியை இழுக்கிறது என்பதைவிட, பூமியை நீட்டுகிறது என்பதுதான் கடலைப் பொறுத்தவரை சரியான பேச்சு. சப்பாத்தி மாவு உருண்டையை இரண்டு கையாலும் இழுத்தால் இரண்டு முனையும் புடைக்குமே, அப்படி. நாளுக்கு இரண்டு முறை ஏத்தம், இரண்டு முறை வத்தம் வருவதற்குக் காரணம் இதுதான். பூமி சுழலும்போது ஒரே ஊர் இரண்டு புடைப்புக்குள்ளும் ஒவ்வொரு முறை போய்வருகிறது.

இப்போது கடையைத் தூக்கித் தெருவின் மறுகோடியில் வையுங்கள். தாத்தா நெருக்கமாகிவிட்டார், ஓடவேண்டியது அவர். பேரன் பின்தங்குகிறான். யார் முந்தினார் என்பது மாறிவிட்டது. ஆனால் அப்பாவுக்கு இரண்டு பக்கமும் இடைவெளி பழையபடி கூடுகிறது. நீட்டுகிறவர் இந்தப் பக்கம் நின்று நீட்டினாலும் அந்தப் பக்கம் நின்று நீட்டினாலும் நீட்சி ஒன்றே. சூரியனும் இப்படித்தான் பூமியை நீட்டுகிறது. நிலா சூரியனோடு ஒரே பக்கம் இருந்தாலும் சரி, நேரெதிரே இருந்தாலும் சரி, இரண்டும் ஒரே கோட்டில் நீட்டுகின்றன, நீட்சி கூட்டலாகிறது. என் கயிறிழுப்பு உவமை எங்கே தப்பியது என்றும் இப்போது தெரிகிறது. போட்டியில் எந்த அணி ஜெயித்தது என்று பார்க்கிறோம். கடலுக்கு அது பொருட்டில்லை, கயிறு எவ்வளவு விறைத்திருக்கிறது என்பதே கணக்கு. இருபக்கமும் இழுக்கும்போதுதானே கயிறு விறைக்கும்?

கழிதல் எப்போது நடக்கும்? சூரியன் ஒரு திசையில் நீட்ட, நிலா அதற்குச் செங்குத்தான திசையில் நீட்டும்போது. அதாவது அரைநிலா நாளில். நம் பஞ்சாங்கத்தில் ஒரு திதி என்பது சூரியனுக்கும் நிலாவுக்கும் இடையே 12 பாகை விலகல். எட்டாவது திதியின் நடுவில் விலகல் சரியாக 90 பாகை ஆகிறது. அட்டமி. நல்ல காரியம் எதையும் தொடங்காதே என்று பாட்டி தடுக்கும் அந்த நாளில் கடலும் அடக்கியே வாசிக்கிறது. சென்னைக் கரையில் உவா நாளை ஒட்டி ஏத்தத்துக்கும் வத்தத்துக்கும் இடையே ஏறத்தாழ ஒரு மீட்டர் வேறுபாடு இருக்கும். அட்டமியை ஒட்டி அதில் பாதிகூட இருக்காது.

இங்கே இன்னொரு முடிச்சு அவிழ்க்க வேண்டியிருக்கிறது. நிலாவைவிடச் சூரியன் ஏறத்தாழ 2.7 கோடி மடங்கு நிறை கொண்டது. தூரத்தைக் கணக்கில் எடுத்தாலும், பூமிமேல் சூரியனின் ஈர்ப்பு நிலாவின் ஈர்ப்பைப்போல் 180 மடங்குக்குப் பக்கத்தில் வருகிறது. அப்படியானால் கடல் ஏன் நிலாவின் பேச்சைக் கேட்கிறது? மறுபடியும் மிட்டாய்க்கடைதான். கடை தெருக்கோடியில் இருந்தால், பேரனுக்கும் தாத்தாவுக்கும் நடுவே இருக்கும் நாலு அடி பெரிய விஷயம். கடை மதுரையில் இருக்கிறது, இவர்கள் சென்னையில் நிற்கிறார்கள் என்றால்? அந்தக் கடை எவ்வளவு பெரிதாக இருந்தாலும் மூவருக்கும் வாசனை ஒரே அளவுதான். வாசனை வித்தியாசமில்லை என்றால் இடைவெளியும் கூடாது. நிலாவின் தூரம் 3,84,000 கிலோமீட்டர். பூமியின் குறுக்களவு அதில் முப்பதில் ஒரு பங்கு. சூரியனோ 15 கோடி கிலோமீட்டர் தள்ளி. பூமியின் குறுக்களவு அதில் பதினோராயிரத்தில் ஒரு பங்குகூட வராது. அதனால் சூரியனின் நீட்டல், நிலாவின் நீட்டலில் பாதிக்கும் சற்றுக் குறைவாகவே நிற்கிறது, சுமார் 46 சதவீதம். நிலாவை 100 என்று வைத்தால் உவாவுக்கு 146, அட்டமிக்கு 54. சென்னைக் கரையில் கண்ணால் பார்க்கும் வித்தியாசத்தோடு இந்தக் கணக்கு நன்றாகவே ஒத்துப்போகிறது.

நிலா தலைக்குமேல் வந்து தண்ணீரை உறிஞ்சித் தூக்குவதாக நினைத்துவிடக் கூடாது. அந்த நீட்டும் விசை ஒரு பொருளின் எடையில் கோடியில் ஒரு பங்கு அளவுதான். அதை வைத்து ஒரு சொம்புத் தண்ணீரைக்கூட அசைக்க முடியாது. ஆயிரக்கணக்கான கிலோமீட்டர் அகலமுள்ள கடலில் எல்லா இடத்திலும் இந்தச் சின்ன விசை பக்கவாட்டில் தள்ளித் தள்ளித்தான் நீர் ஒரு பக்கம் குவிகிறது. கிணற்றிலும் குளத்திலும் ஏத்தம் வத்தம் கண்ணுக்குத் தெரியாததற்கு இதுவே காரணம். உடம்பில் பெரும்பகுதி தண்ணீர், அதனால் பௌர்ணமிக்கு மனசு பொங்கும் என்று சொல்பவர்களிடம் நான் சொல்வது: முதலில் ஒரு குடத்துத் தண்ணீர் பொங்கட்டும்.

பக்கவாட்டில் நகர்ந்து வர வேண்டும் என்பதாலும், கரையும் தரையும் வழிமறித்து உரசுவதாலும், கடல் வானத்தைவிடப் பிந்துகிறது. பெரிய ஏத்தம் உவா நாளிலேயே வராமல் ஒன்றிரண்டு நாள் கழித்து வருகிறது. கடலின் இந்த ஏத்த வத்தத்துக்கு ஓதம் என்று பெயர். ஓதவியல் இந்தப் பிந்தலை ‘ஓதத்தின் வயது’ என்கிறது. பழவேற்காட்டுப் பெரியவர் அதைத்தான், ஆகாசத்துக்கு நேற்று, கடலுக்கு நாளை என்று சொல்லிவிட்டுப் படகை இழுத்துக் கட்டினார்.

இதெல்லாம் எல்லோருக்கும் உடனே புரிந்துவிடவில்லை. கலிலியோ 1632இல் எழுதிய நூலில், பூமியின் இரட்டை ஓட்டத்தால் கடல் தளும்புவதே ஓதம் என்று வாதிட்டார். தண்ணீர்மேல் நிலாவுக்கு ஆட்சி உண்டு என்று நம்பியதற்காகக் கெப்ளரைக் குறை சொல்லவும் செய்தார். எங்கோ தூரத்தில் இருக்கும் ஒன்று தொடாமலே இழுக்கும் என்பது அவருக்கு மந்திரவாதம் போல் பட்டிருக்க வேண்டும். ஆனால் அவர் கணக்குப்படி நாளுக்கு ஓர் ஏத்தம்தான் வரும். கரையில் நிற்கிற எவரும் இரண்டு என்று சொல்வார்கள். மேதையின் வாதத்தை ஒரு படகோட்டியின் எண்ணிக்கை தோற்கடித்த இடம் அது. 1687இல் நியூட்டன்தான் நீட்சிக் கணக்கைப் போட்டு, உவாவுக்கு ஏன் பெரிது, அரைநிலாவுக்கு ஏன் சிறிது என்று காட்டினார்.

காரணம் தெரிவது ஒன்று. நாளைக்கு எத்தனை மணிக்கு எவ்வளவு ஏறும் என்று சொல்வது வேறு. ஒவ்வொரு துறைமுகத்திலும் கரையின் வளைவும் அடித்தரையும் வேறு. அதனால் நீர்மட்டத்தை மாதக்கணக்கில் அளந்து, அதைப் பல தாளங்களாகப் பிரித்து, மறுபடி கூட்டிப் பார்ப்பதே வழி. வில்லியம் தாம்சன், பின்னாளில் கெல்வின் பிரபு, 1870களின் தொடக்கத்தில் கப்பிகளும் சக்கரங்களும் கொண்டு அந்தக் கூட்டலைச் செய்யும் எந்திரத்தை உருவாக்கினார். ஒவ்வொரு சக்கரமும் ஒரு தாளம். எல்லாவற்றின்மேலும் ஓடும் ஒரே கம்பி கூட்டுத்தொகையைத் தாளில் வரையும். 1879இல் இந்தியத் துறைமுகங்களுக்கென்றே இப்படி ஓர் எந்திரம் லண்டனில் செய்யப்பட்டது.

இந்த வகை எந்திரங்கள் பெரிய வேலை ஒன்று செய்தது 1944இல். நேசநாடுகளின் படை நார்மண்டிக் கரையில் இறங்க வேண்டும். ஜெர்மானியர்கள் மணலில் நட்டு வைத்திருந்த தடுப்புகள் கண்ணில் பட வேண்டும் என்றால் விடிந்தவுடன் வத்தமாக இருக்க வேண்டும். அதற்கு முந்தின இரவில் பாராசூட்டில் குதிப்பவர்களுக்கு நிலா வேண்டும். இங்கேதான் உவாவின் விசேஷம். உவா நாளில் நிலா நண்பகலிலோ நள்ளிரவிலோ உச்சிக்கு வரும். எனவே ஒரு குறிப்பிட்ட கரையில் அன்றைய ஏத்தமும் வத்தமும் எப்போதும் ஏறக்குறைய ஒரே மணிக்கு விழும். நார்மண்டியில் அந்த வத்தம் விடியலில் விழுகிறது. வத்தமும் விடியலும் காருவாவுக்கும் கிடைக்கும். நிலாவும் சேர்ந்து வேண்டும் என்றால் வெள்ளுவாதான். லிவர்பூலுக்கு அருகே பிட்ஸ்டன் வானாய்வகத்தில் ஆர்தர் டூட்சன், எந்தக் கரை என்று சொல்லப்படாமலே எண்களை வாங்கி எந்திரத்தில் ஓட்டிக் கொடுத்தார். ஜூன் 5, 6, 7 என்று மூன்று நாள் அமைந்தன. ஐந்தாம் தேதிக்கு வானிலை மோசம். ஆறாம் தேதி, பௌர்ணமியன்று இறங்கினார்கள். அதை விட்டிருந்தால் அடுத்து அதேபோல் வத்தம் அமைவது இரண்டு வாரம் கழித்து வரும் காருவாவுக்கு. அந்த நாள்களில் ஆங்கிலக் கால்வாயில் பெரும் புயல் அடித்தது.

நம் கண்முன்னே நடந்ததும் ஒன்று உண்டு. 2021 மார்ச் 23இல் சூயஸ் கால்வாயில் 400 மீட்டர் நீளமுள்ள ‘எவர் கிவன்’ கப்பல் குறுக்கே சிக்கிக்கொண்டது. மணலைத் தோண்டினார்கள், இழுவைப் படகுகள் முட்டி மோதின. அசைந்து கொடுத்தது 29ஆம் தேதி. பௌர்ணமி 28. தோண்டியவர்கள் பாடுபட்டார்கள் என்பதில் சந்தேகமில்லை. கடைசித் தள்ளு செங்கடல் பக்கத்திலிருந்து வந்த உவா ஏத்தத்துடையது.

உவாவின் சாட்சியம் கல்லிலும் இருக்கிறது. எனக்கு இதில் மிகப் பிடித்தது இந்தக் கதைதான். தென் ஆஸ்திரேலியாவின் ஃபிளிண்டர்ஸ் மலைத்தொடரில் எலாட்டினா என்ற பாறை அடுக்கு. வயது 60 கோடி ஆண்டுக்கு மேல். புத்தகத்தின் பக்கங்கள் போல மெல்லிய வண்டல் படலங்கள், சில தடித்து, சில மெலிந்து, ஒழுங்கான தாளத்தில். ஜார்ஜ் வில்லியம்ஸ் என்ற புவியியலாளர் 1980களின் தொடக்கத்தில் அவற்றை ஆண்டுப் படலங்கள் என்று எடுத்துக்கொண்டு, சூரியக் கரும்புள்ளிகளின் சுழற்சி பதிந்திருப்பதாக எழுதினார். அழகான விளக்கம், பலர் நம்பினார்கள். அதே வில்லியம்ஸே அந்த தசாப்தம் முடிவதற்குள் தன் முடிவை மாற்றிக்கொண்டார். படலங்கள் ஆண்டுக்கு ஒன்றல்ல, ஓதத்துக்கு ஒன்று. ஏத்தம் பெரிதாக இருக்கும்போது வண்டல் அதிகம் வந்து படலம் தடிக்கும், அட்டமி ஓதத்தில் மெலியும். ஆக, தடித்த இடம் ஒவ்வொன்றும் ஓர் உவா. ஓர் உவாவுக்கும் அடுத்த உவாவுக்கும் நடுவே எத்தனை படலம் என்று எண்ணினால் அன்றைய மாதத்துக்கு எத்தனை நாள் என்று தெரிகிறது. எண்ணிப் பார்த்ததில் அன்றைக்கு ஒரு நாள் சுமார் 22 மணி நேரம், ஆண்டுக்கு ஏறத்தாழ 400 நாள் என்று வந்தது. ஓதத்தின் உரசல் பூமியின் சுழற்சியை மெல்ல மெல்லத் தடுக்கிறது. பூமி இழக்கும் அந்தச் சுழற்சிக்கு ஈடாக நிலா மெல்ல விலகிப் போகிறது. அப்போலோ பயணிகள் நிலாவில் வைத்துவிட்டு வந்த கண்ணாடிகளில் லேசர் ஒளியை அடித்துத் திருப்பிப் பார்த்தால், இப்போது ஆண்டுக்கு 3.8 சென்டிமீட்டர் விலகுகிறது என்று தெரிகிறது.

கோட்டில் வந்து நிற்பது என்றாலே மனிதனுக்கு ஒரு பயம். 1962 பிப்ரவரி தொடக்கத்தில் அமாவாசையும் கிரகணமும் சேர்ந்துவர, சூரியன், சந்திரன், ஐந்து கோள்கள், கேது என்று எட்டும் மகரத்தில் கூடின. அஷ்டக்கிரகச் சேர்க்கை என்று நாடு முழுக்க யாகமும் பிரார்த்தனையும் நடந்தன. உலகம் மறுநாளும் இருந்தது. இது நம் ஊர் மூடநம்பிக்கை என்று யாரும் மீசையை முறுக்க வேண்டாம். 1974இல் ‘ஜூபிடர் எஃபெக்ட்’ என்ற புத்தகத்தை எழுதியவர்கள் இருவரும் வானியற்பியல் படித்தவர்கள். 1982இல் கோள்கள் ஒரு பக்கமாகக் கூடும்போது கலிஃபோர்னியாவில் நிலநடுக்கம் வரலாம் என்றார்கள். வரவில்லை. மிட்டாய்க்கடைக் கணக்கை வெள்ளிக்குப் போட்டுப் பாருங்கள்: மிக நெருங்கி வரும்போதும் அதன் நீட்டல் நிலாவின் நீட்டலில் பத்தாயிரத்தில் ஒரு பங்குகூட இல்லை. வியாழன் லட்சத்தில் ஒன்றுக்கும் கீழே.

ஆனால் 2004 டிசம்பர் 26? அன்று மார்கழிப் பௌர்ணமி. சுனாமிக்குப் பின் கரையோர ஊர்களில் இந்தக் கேள்வியைக் கேட்காதவர்கள் குறைவு. கேலி செய்யக்கூடாத கேள்வி இது. நிலாவின் நீட்டல் கடலை மட்டுமல்ல, கெட்டித் தரையையும் சிறிதளவு நீட்டுகிறது. டோக்கியோ பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 2016இல் பெரிய நிலநடுக்கங்களை எடுத்து அந்தந்த நேரத்து ஓத அழுத்தத்தோடு ஒப்பிட்டார்கள். மிகப் பெரியவை சில, 2004 சுமத்ராவும் சேர்ந்து, அழுத்தம் கூடியிருந்த காலத்தில் நேர்ந்தவை என்று தெரிந்தது. இதற்கு என்ன பொருள்? நூற்றாண்டுக்கணக்கில் விறைத்து, எப்படியும் உடையப்போகிற பாறை. அதன்மேல் ஓதம் வைக்கும் சுமை ஓர் இறகு. எந்த நாள் என்பதில் இறகுக்குப் பங்கு இருக்கலாம், உடைவதில் இல்லை. ஆண்டுக்கு 24 அல்லது 25 உவா வருகிறது. ஒவ்வொன்றுக்கும் ஊரைக் காலி செய்ய முடியாது. 2012 ஏப்ரல் 11இல் சென்னையே ஆடி, மக்கள் தெருவுக்கு வந்தார்களே, அந்த 8.6 அளவு நிலநடுக்கம் வந்தது பௌர்ணமி கழிந்து ஐந்தாம் நாள். அட்டமியை நெருங்கும் நேரம்.

சரி, சொல்லுக்குத் திரும்புவோம். அது வானத்தோடு நின்றுவிடவில்லை. ஜே. ஜே. சில்வெஸ்டர் என்ற ஆங்கிலேயக் கணிதர் புதுப் பெயர் வைப்பதில் தீராத மோகம் கொண்டவர். ‘மேட்ரிக்ஸ்’ அவர் வைத்த பெயர்தான். 1853இல் அவர் சிஸிஜியை இயற்கணிதத்துக்குள் கொண்டுவந்தார். ராமு சோமுவுக்கு நூறு ரூபாய் தர வேண்டும். சோமு பாபுவுக்கு நூறு. பாபு ராமுவுக்கு நூறு. ஒவ்வொன்றும் தனிக் கடன். மூன்றையும் சேர்த்து வைத்தால் ஒன்றுமே மிஞ்சுவதில்லை, அடிபட்டுப் போகிறது. கடன்களுக்கு இடையே இருக்கும் அந்த மறைவான கட்டுதான் சிஸிஜி. இப்படிப் பல கட்டுகள் இருந்தால் அந்தக் கட்டுகளுக்குள்ளும் கட்டுகள் இருக்கும், அவற்றுக்குள் இன்னும். முடிவே இல்லாமல் போகுமோ? போகாது என்று 1890இல் டேவிட் ஹில்பெர்ட் நிரூபித்தார். கணக்கில் எத்தனை மாறிகளோ, அத்தனை படிக்குள் சங்கிலி முடிந்துவிடும். அவர் தேற்றத்தின் பெயரிலேயே இந்தச் சொல் இருக்கிறது.

விலங்கியல் மாணவர்களுக்கு வேறு வழியில் அறிமுகம். மண்புழுவின் விந்துப் பையில் மோனோசிஸ்டிஸ் என்ற ஒரு செல் ஒட்டுண்ணி வாழ்கிறது. இனப்பெருக்கத்துக்கு நேரம் வரும்போது இரண்டு செல்கள் வந்து ஒன்றோடொன்று ஒட்டி, தம்மைச் சுற்றி ஓர் உறை கட்டிக்கொள்ளும். நுண்ணோக்கியில் பார்த்தால், நடுவில் ஒரு கோடு போட்ட உருண்டை. அந்த ஒட்டலும் சிஸிஜிதான். இலவசமாகக் கிடைக்கும் மண்புழுவை அறுத்துத் தடவிய கண்ணாடிச் சில்லில் நான் அதைப் பார்த்தபோது, அதற்கும் அமாவாசைக்கும் உறவு இருக்கும் என்று யாராவது சொல்லியிருந்தால் நம்பியிருக்க மாட்டேன்.

தமிழில் எழுதும்போது என்ன செய்வது? வானத்துக்கு யோசிக்கவே வேண்டாம், உவா இருக்கிறது. பள்ளிப் புத்தகத்தில் உவா காலத்துப் பெரிய ஓதத்தையும் தினசரி ஏத்தத்தையும் ஒரே ‘உயர் ஓதம்’ என்ற சொல்லால் குழப்புகிறார்கள். முன்னதை ‘உவா ஓதம்’ என்றும் அதன் எதிரை ‘அட்டமி ஓதம்’ என்றும் சொல்லிவிட்டால் தீர்ந்தது. இயற்கணிதக் கட்டுக்கு ‘நுகப்பிணை’ என்று போட்டு ஒரு நண்பரிடம் காட்டினேன். கணக்கு வாத்தியார், பாதி மனதோடு தலையாட்டினார். மண்புழுவுக்குள் உறை கட்டிக்கொண்டு கிடக்கும் அந்த இரண்டு செல்களுக்குத்தான் இன்னும் பெயர் அகப்படவில்லை.